ஒட்டிக்கொண்ட நாள்

அந்த ஊரில் நாள் என்பது தானாக விடிகிற சமாச்சாரம் இல்லை. சூரியன் எத்தனை முறை வேண்டுமானாலும் வந்து போகட்டும். சதுக்கத்துக் கம்பத்தில் நாள்காரி ஒரு மரப்பலகையை மாட்டினால்தான் பொழுது விடிந்ததாகக் கணக்கு. மாட்டியதை மறுநாள் காலைவரை யாரும் தொடக்கூடாது. ஏணி வரைந்த பலகை என்றால் அன்று ஏணி நாள், சல்லடை என்றால் சல்லடை நாள். வருஷக் கடைசியில் மட்டும் எதுவும் வரையாத வெற்றுப் பலகைகள் வரிசையாக வரும். அவை தீர்ந்து கதவுப் பலகை தொங்கினால், அன்று சூரியன் இறங்கியதும் கோட்டைக் கதவைச் சாத்தி, இடுக்கெல்லாம் சுண்ணாம்பு பூசிவிடுவார்கள். அதற்குப் பிறகு வெள்ளைக்காற்று. குளிர்காலம் முடியும்வரை வெளியே ஒரு உயிர் மிஞ்சாது.

அன்று காலை கதவுப் பலகை தொங்கியது. "அட, அதுக்குள்ளயா?" என்று கேட்காதவர்கள் இல்லை. கேட்டுவிட்டு எல்லோரும் தங்கள் மறதியைத்தான் திட்டிக்கொண்டார்கள். பலகை தப்பாக இருக்கலாம் என்று நினைக்க அந்த ஊரில் யாருடைய புத்தியும் பழகியிருக்கவில்லை, நாள்காரியின் புத்தி உட்பட. ஆனால் அவள் காலையிலிருந்தே கோட்டைக் கதவுப் பக்கம் போய்ப் போய்ப் பார்த்துவிட்டு வந்தாள். உப்பளத்துக்குப் போன மகள், கதவு நாளில் பொழுது சாய்வதற்குள் திரும்பிவிடுவதாகச் சொல்லியிருந்தாள். எதையும் கடைசி நேரத்தில் செய்வது அந்தப் பெண்ணுக்குப் பிறவிக் குணம். பிறக்கும்போதே மருத்துவச்சியை இரண்டு தடவை சும்மா அலையவிட்டவள்.

மத்தியானம், காலையில் கழற்றிய நேற்றைய பலகையைப் பழைய அடுக்கின்மேல் வைக்கப் போனாள். கையில் ஏதோ இடறியது. பலகை கனமாக இருந்தது. ஓரத்தில் நகத்தை விட்டு நெம்பினாள். ஈரத்தில் இளகிப் பிடித்திருந்த மெருகு பட்டென்று விட்டது. ஒரு வெற்றுப் பலகை இரண்டு வெற்றுப் பலகை ஆனது.

நேற்று அவள் இரண்டு நாளைச் சேர்த்து மாட்டியிருக்கிறாள். அப்படியென்றால் இன்று கதவு நாளே இல்லை. மகள் வரப்போவது நாளைக்கு, கதவை மூடப்போவது இன்றைக்கு.

நாள்காரி கோட்டைக் கதவுக்கு ஓடினாள். காவல் அவளுடைய அண்ணன்; ஊர் அவருக்கு வைத்த பேர் பூட்டு. கொத்தனார்கள் தொட்டியில் சுண்ணாம்பைக் கிளறிக்கொண்டிருந்தார்கள்.

"அண்ணே, கதவை மூடாத."

"விளையாடறியா? சுண்ணாம்பு கலக்கியாச்சு."

அவள் இரண்டு பலகைகளையும் நீட்டினாள். பூட்டுக்கு விளங்கக் கொஞ்ச நேரம் பிடித்தது. விளங்கியதும் முதலில் சுற்றுமுற்றும் பார்த்தார்.

"இதை வெளிய சொல்லிடாத. உன்னை உரிச்சுத் தொங்கவிட்டுடுவாங்க."

"என்னை என்ன வேணா செய்யட்டும். அவ வெளிய இருக்கா அண்ணே."

"எனக்குத் தெரியாதா? நான் தோள்ல தூக்கி வளர்த்த புள்ள. ஆனா மாட்டினது மாட்டினதுதான். கதவுப் பலகை தொங்குது, காத்து வரும். ஒருத்திக்காக ஊரையே காவு கொடுக்கச் சொல்றியா?"

"காத்துக்கு என் பலகையைப் படிக்கத் தெரியுமா?"

"தெரியாதுன்னு உனக்கு உறுதியாத் தெரியுமா?"

இத்தனை வருஷமும் தன் கை மாட்டிய பிறகுதான் உலகம் நகர்கிறது என்று அவளும் மனதார நம்பியவள்தான். அந்த நம்பிக்கை இப்போது மகளின் கழுத்தை நெரித்தது.

சதுக்கத்துக்குத் திரும்பி ஓடினாள். முக்காலியைப் போட்டு ஏறினாள். கதவுப் பலகையைக் கழற்றினாள். கடைத்தெருவின் இரைச்சல் அப்படியே நின்றது. ரொட்டிக்காரர் தட்டைக் கீழே போட்டார். "ஐயோ, நாளைக் கழட்டிட்டா!" என்று யாரோ அலறினார்கள். அவள் வெற்றுப் பலகையை அந்த ஆணியில் மாட்டிவிட்டுத் திரும்பினாள்.

"ரெண்டு பலகை ஒட்டிக்கிச்சு. நான் பார்க்கலை. தப்பு என்னோடது. இன்னைக்குக் கதவு நாள் இல்லை."

கூட்டம் அவளை நெருங்கியது. ஒருவன் முக்காலியை உதைத்தான். கீழே விழுந்தவளைச் செருப்புத் தைப்பவர்தான் தூக்கி நிறுத்தினார்.

"என் தம்பியும் நாளைக்குத்தான் வரணும். நான் சரியாத்தான் எண்ணி வச்சிருந்தேன். காலையில பலகையைப் பார்த்ததும், எனக்குத்தான் மூளை குழம்பிடுச்சுன்னு வாயை மூடிக்கிட்டேன்."

"நானும்தான்" என்றாள் ஒரு சலவைக்காரி. அப்புறம் இன்னொருத்தர். பார்க்கப்போனால் பாதி ஊருக்குச் சரியான கணக்கு தெரிந்திருந்தது. சொல்லத்தான் ஒருத்தருக்கும் வாய் வரவில்லை.

ஊர்த்தலைவர் வந்து பலகை அறைச் சாவியைப் பிடுங்கிக்கொண்டார். "இனி நீ நாள்காரி இல்லை." கதவை என்ன செய்வது என்று கேட்டதற்கு, "அது காவல்காரர் முடிவு" என்று நைசாக நழுவினார். தலைவர்கள் எந்த ஊரிலும் தலைவர்கள்தான்.

பாதி ஊரின் கணக்கும் தங்கை சொன்னதும் ஒன்றுதான் என்று கேள்விப்பட்ட பூட்டு கதவை மூடவில்லை. தன் நாற்காலியை இழுத்துக்கொண்டு போய்த் திறந்த கதவுக்கு நடுவில் போட்டு உட்கார்ந்தார். "காத்து வந்தா முதல்ல என்மேல வரட்டும்."

சூரியன் இறங்கியது. ஊரே அவர் முதுகுக்குப் பின்னால் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றது. தரையில் கொஞ்சம் புழுதி எழும்பியதும் பெண்கள் பிள்ளைகளை அள்ளி அணைத்தார்கள். புழுதி அடங்கியது. தொட்டியில் சுண்ணாம்பு கெட்டியாகி வீணாய்ப் போனது. காற்று வரவில்லை.

மறுநாள் கதவுப் பலகையை வேறொரு கை மாட்டியது. மத்தியானத்துக்குள் செருப்புத் தைப்பவரின் தம்பி வந்தான். சலவைக்காரியின் புருஷன் வந்தான். மகள் வரவில்லை. வெயில் சாய்ந்தது. இந்த முறை நாள்காரியின் கையில் இன்னொரு நாள் இல்லை. தூரத்தில் நிலத்தோடு ஒட்டி ஒரு வெள்ளைக் கோடு தெரிந்தது. பூட்டு ஒரு கதவைச் சாத்தினார். மற்றதைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"இன்னும் கொஞ்சம் அண்ணே" என்றாள். அவர் கதவைத் தள்ளவில்லை. வெள்ளைக் கோடு சுவராக எழும்பியது. கொத்தனார் ஒருவர் கத்தினார். பூட்டு கண்ணை மூடிக்கொண்டு கதவைத் தள்ள ஆரம்பித்தார்.

மிச்சமிருந்த சந்தில் ஒரு கழுதையின் தலை நுழைந்தது. அதன் பின்னால் மகள், மூச்சிரைக்க. கதவு சாத்திக்கொண்ட அடுத்த நிமிஷம் வெளியே காற்று வந்து மோதியது. மரம் அதிர்ந்தது.

"வழியில செருப்பு அறுந்துடுச்சும்மா" என்று சிரித்தாள் மகள். "அதுக்கு ஏன் ஊரே கூடி நிக்குது?"

நாள்காரி ஓங்கி ஒரு அறை விட்டாள். பிறகு அவளை இழுத்து எலும்பு நொறுங்குகிற மாதிரி கட்டிக்கொண்டு, கொத்தனார்கள் பூசி முடிக்கும்வரை விடாமல் திட்டிக்கொண்டே அழுதாள்.