மகளுக்குக் கட்டம் இல்லை

‘பெயர்’ என்ற கட்டத்தில் கொம்பையா என்று அடித்தாள் செல்வமாரி. வயது அறுபத்தொன்று. ஊர், நாள், தூக்கும் நேரம் எல்லாம் அடித்தாள். ‘மகன்’ கட்டத்தைக் காலியாக விட்டாள். ‘கொள்ளி வைப்பவர்’ என்ற கட்டத்தில், சித்தப்பா சொல்லியிருந்தபடி, அவர் மகன் சுடலைமணியின் பெயர்.

பிறகு வேர்டு தாளைத் திறந்தாள். கறுப்புக் கரை போட்ட கண்ணீர் அஞ்சலி தானாகவே நிரம்பி நின்றது. கடைசி வரியில், ‘இப்படிக்கு, மகன் சுடலைமணி.’

இப்படித்தான் வரும் என்று அவளுக்குத் தெரியும். அதற்காகத்தான் அப்பாவை ஐஸ் பெட்டியில் விட்டுவிட்டு, ஊரிலிருந்து எட்டயபுரம் வழியாகக் கோவில்பட்டிக்கு வண்டியை விரட்டி வந்திருந்தாள்.

“ஏட்டி, நீ எதுக்கு வந்த?” என்றார் கடை முதலாளி பூவனநாதன். “போன்ல சொன்னா நானே அடிச்சு அனுப்பிருக்க மாட்டனா? துக்க வீட்ல இருக்க வேண்டிய பிள்ள.”

“நீங்க அடிச்சா சுடலைமணிதான் மகனா வருவான், அண்ணாச்சி.”

“கொள்ளி வைக்கவன் மகன்தான. காலங்காலமா அப்படித்தான.”

“காலங்காலமா இல்ல. ரெண்டு வருசமா. நான் எழுதி வச்சது.”

அவள்தான் எழுதி வைத்தாள். அவள் வேலைக்கு வருவதற்கு முன்பு, பழைய தாளில் பெயரை மட்டும் மாற்றி அடித்துக்கொண்டிருந்தார்கள். ஒரு தடவை, ஒரு தாய்க்கு அடித்த தாளில் செத்தவர் பெயரை மாற்றி, மகன்கள் பெயரை மாற்ற மறந்து, கழுகுமலை முழுக்க ஒட்டிவிட்டார்கள். உயிரோடு அப்பா இருக்கிற இரண்டு பேர் கடைக்குள் வந்து அண்ணாச்சியின் சட்டையைப் பிடித்தார்கள். கணிப்பொறி படித்த பெண் என்று இவளைச் சேர்த்ததே அதன் பிறகுதான். எக்செல்லில் ஓர் ஆளுக்கு ஒரு வரி. வரியை நிரப்பினால் தாளிலுள்ள காலி இடங்கள் எல்லாம் அதுவே இழுத்துப் போட்டுக்கொள்ளும். மகன், மருமகன், பேரன், கொள்ளி வைப்பவர் என்று அண்ணாச்சி சொல்லச் சொல்லக் கட்டம் போட்டாள். மகன் இல்லாவிட்டால்? காலியாக விட்டால் அசிங்கமாக இருக்கும் என்றார். கொள்ளி வைப்பவர் பெயரை அந்த இடத்தில் போட்டுக்கொள் என்று ஒரு விதி எழுதினாள். முதல் தடவை அது வேலை செய்தபோது கையைத் தட்டினாள். வீட்டுக்கு ஒரே பிள்ளை அவள்.

போன சித்திரையில் அப்பா கடைக்கு வந்திருந்தார். எட்டயபுரம் சந்தையில் கிடா விற்றுவிட்டு, தோளில் துண்டும் காலில் கரிசல் மண்ணுமாக வாசலிலேயே நின்றார். உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்தாள். திரையில் ஓடும் பெயர்களை எழுத்துத் தெரியாத கண்ணால் பார்த்தார்.

“இதுல எம் பேரு இருக்கா, தாயி?”

“செத்தவிய பேருதாம்ப்பா இருக்கும்.”

“அப்பச் சரி. மெதுவா வாரேன்.”

அண்ணாச்சி கூடச் சிரித்தார்.

செல்வமாரி ‘கொள்ளி வைப்பவர்’ கட்டத்துக்குப் பக்கத்தில் புதிதாக ஒரு கட்டம் சேர்த்தாள். தலையில் ‘மகள்’ என்றும், அப்பாவின் வரியில் தன் பெயரையும் அடித்தாள். விதியை அழித்தாள். தாளில் கடைசி வரியை மாற்றினாள். இப்படிக்கு, மகள் செல்வமாரி.

“உஞ் சித்தப்பா என்னையில்லா ஏசுவாரு” என்றார் அண்ணாச்சி.

“ஏசட்டும்.”

“பிடிவாதக்காரி. நேரம் என்ன ஆகுது தெரியுமா? பன்னெண்டுக்கு ராகு காலம்லா. அதுக்கு முன்ன தூக்கிருவாங்க.”

அவசரத்தில் கை மாறியது. ‘இந்த வரி மட்டும்’ என்று கொடுக்க வேண்டியவள் ‘எல்லாம்’ என்று கொடுத்துவிட்டாள். பெரிய பிரிண்டர் உறுமியது. முதல் தாள் வந்தது. யாரோ ஒருவர். இரண்டாம் தாள் வேறொருவர். இரண்டு வருடத்துச் சாவும் வரிசையாக வரத் தொடங்கியது.

“ஏ பாவி! செத்தவன் பூராத்தையும் எழுப்பி விட்டுட்டியே. நிறுத்து, நிறுத்து!”

நிறுத்தியிருக்கலாம். அவள் தாள்களைப் பார்த்துக்கொண்டு நின்றாள். ஒவ்வொன்றிலும் கடைசியில் ‘மகள்’ என்ற சொல். அதற்குப் பக்கத்தில் ஒன்றுமில்லை.

கழுகுமலை மாயகிருஷ்ணன் தாளும் வந்து விழுந்தது. அவர் மகள் உமாதேவி, தீப்பெட்டி ஆபீசுக்குப் போகிறவள், நகக்கண்ணில் மருந்துக் கறையோடு வந்துதான் அதை அடிக்கக் கொடுத்தாள். அப்பாவை மூன்று வருடம் படுக்கையில் வைத்துப் பார்த்தவளாம். “எம் பேரு வராதாக்கா?” என்று கேட்டாள். செல்வமாரி திரையிலிருந்து தலையைத் திருப்பாமல் சொன்னாள்: “அதுக்குக் கட்டம் இல்ல.”

பிரிண்டரை நிறுத்தினாள். மாயகிருஷ்ணனின் வரியைத் தேடிப் பிடித்து, புதுக் கட்டத்தில் உமாதேவி என்று அடித்தாள். யாரும் பார்க்கப் போவதில்லை. கார்ட்ரிட்ஜில் மை தீர்ந்திருந்தது. அண்ணாச்சி பக்கத்துக் கடைக்கு ஓடி வேறொன்று வாங்கி வந்து மாட்டினார். அப்பாவின் ஆதார் படத்தை வெட்டிச் சேர்த்து, முப்பது தாள் எடுத்து முடித்தபோது மணி பதினொன்று இருபது. அண்ணாச்சி காசு வாங்கவில்லை. மைதாப் பசையை ஒரு வாளியில் ஊற்றிக் கொடுத்து, “மெதுவாப் போ” என்று மட்டும் சொன்னார்.

அவள் மெதுவாகப் போகவில்லை.

தெருவில் கொட்டுச் சத்தம் இல்லை. வாசலில் சாமந்திப் பூ சிதறிக் கிடந்தது. பெண்கள் வீட்டைக் கழுவிவிட்டுக்கொண்டிருந்தார்கள். ஐஸ் பெட்டியை வேனில் ஏற்றியாகிவிட்டது. பக்கத்து வீட்டு அழகுத்தாய், துடைப்பத்தோடு அப்படியே நின்றாள்.

“எங்கட்டி போன? உம் போனுக்கு எத்தன தடவ அடிச்சோம்?”

போன் கைப்பையில் இருந்தது. கைப்பை வண்டிச் சீட்டுக்கு அடியில்.

“காத்திருக்கலாம்னுதான் உஞ் சித்தப்பா சொன்னாரு. ஊர்க்காரங்க கேக்கல. மூஞ்சிய மூடும்போதுகூட உன்னையத்தான் தேடுனோம்.”

“தூக்கி எவ்வளவு நேரமாச்சு?”

“கால் மணி இருக்கும். இனி அங்கன நீ போகக் கூடாது. உள்ள வந்து குளி.”

அவள் குளிக்கப் போகவில்லை. வீட்டுக்குப் பின்னால் ஆட்டுப் பட்டி. நேற்றுக் காலையிலிருந்து யாரும் திறக்கவில்லை. பதினாறு ஆடுகளும் படலை முட்டிக்கொண்டு கத்தின. பட்டிச் சுவரில் பசையைத் தடவி ஒரு தாளை ஒட்டினாள். மூலைகளை உள்ளங்கையால் அழுத்தினாள். கடைசி வரி நேராக இருந்தது. சுருக்கம் இல்லை.

படலைத் திறந்துவிட்டாள். ஆடுகள் முண்டியடித்து வெளியே வந்தன. வந்தவை வழக்கமாகப் போகும் கிழக்குப் பக்கம் போகாமல், முன்னால் நடக்கும் ஆளுக்காக நின்றன.

அப்பா சூரி என்று கூப்பிடும் மொட்டைக்கொம்பு ஆடு மட்டும் சுவர்ப் பக்கம் திரும்பியது. பசையை மோந்து பார்த்தது. எட்டியவரை நாக்கை நீட்டி, தாளின் கீழ் மூலையைப் பிடித்து இழுத்தது. கடைசி வரி முதலில் கிழிந்து அதன் வாய்க்குள் போனது.

செல்வமாரி விரட்டவில்லை. வாளியின் பக்கத்தில் உட்கார்ந்து, அது மென்று முடிக்கும்வரை பார்த்தாள். பிறகு அடுத்த தாளை எடுத்து, அதற்கு எட்டுகிற உயரத்தில் நீட்டிப் பிடித்தாள்.