முன் வரிசை வைக்கோல்

2025 மார்ச் 9, ஞாயிற்றுக்கிழமை. காலை ஏழேகால் மணிக்கு, வடக்கனந்தலுக்கு மேற்கே, கல்வராயன் மலையடிவாரத்து மாந்தோப்பு ஒன்றில், கல்யாணத்துக்கு வருகிறவர்கள் உட்கார நூற்று இருபது வைக்கோல் கட்டுகள் பத்து வரிசையாகப் போடப்பட்டிருந்தன. முன் இரண்டு வரிசைகள் நிறைந்திருந்தன.

யோசனை அறிவுச்செல்வனுடையது. மணப்பெண் தேவிப்ரியா அவனுடைய தங்கை. மண்டபம் வேண்டாம், நம் தோப்பிலேயே வைத்துக்கொள்ளலாம் என்று அவள் சொன்னபோது, ஜனம் எதில் உட்காரும் என்றுதான் வீட்டில் முதலில் கேட்டார்கள். அன்றைக்கு ஊரெல்லாம் முகூர்த்தம். கள்ளக்குறிச்சி வரை விசாரித்தும் பிளாஸ்டிக் நாற்காலி மிச்சமில்லை. அறுப்பு முடிந்த கழனிகளிலோ மெஷின் செங்கல் செங்கலாகக் கட்டிப்போட்ட வைக்கோல் கிடந்தது. அதைக் கொண்டுவந்து போட்டு, மேலே கோணி, கோணிக்கு மேல் பருத்தி விரிப்பு, வயதானவர்கள் சாய்ந்துகொள்ள முதுகுக்குப் பின்னால் இன்னொரு கட்டு. கல்யாணம் முடிந்தால் மாடு தின்றுவிடும் என்றான். உட்கார்ந்து பார்த்த பெரியப்பா அரங்கநாதன், "சோபா கெட்டுது போ" என்றார்.

ஏழு இருபதுக்கு, பந்திக்கு இலை கழுவிக்கொண்டிருந்த ஆயம்மாள் அவனைக் கூப்பிட்டாள். வைக்கோலை வண்டியில் ஏற்றி இறக்கியவர்கள் அவளும் அவள் புருஷன் காசிநாதனும்.

"தம்பி, அந்தப் பூச்சி இன்னா ஆச்சுங்க?"

"எந்தப் பூச்சி?"

"நேத்து பொழுது சாயறப்ப சொன்னனே. கடைசி நடை வைக்கோல்ல."

"அதுவா, அப்பவே பவுடர் தூவிட்டேன்."

"தூவினீங்க சரி. போச்சா, இன்னும் உள்ளயே கீதா?"

"செத்துருக்கும். எறும்புப் பவுடர், நல்லா கேக்கும்."

ஆயம்மாளுக்குச் சிரிப்பு வந்தது. அவன் முகத்தைப் பார்த்ததும் அது பாதியில் நின்றது.

"எறும்புப் பவுடரா? ஐயோ தம்பி, நான் பாம்பச் சொன்னங்க."

அந்தப் பக்கத்தில், அதுவும் விளக்கு வைத்த பிறகு, யாரும் பாம்பு என்று சொல்ல மாட்டார்கள். பேர் சொன்னால் வந்துவிடும் என்பதால் பூச்சி என்பார்கள். அறிவுச்செல்வனும் அந்த ஊரில் பிறந்தவன்தான். ஆனால் ஆறாம் வகுப்பிலிருந்து ஹாஸ்டல், பிறகு ஓசூரில் வேலை. நேற்று சாயங்காலம், "கடைசி நடையில பூச்சி கீது, தனியா போடுங்க" என்று அவள் சொன்னபோது, "சரிங்க, பவுடர் போட்டுக்கறேன்" என்றிருந்தான். பாம்பு ஓட சில வீடுகளில் ஏதேதோ பொடி தூவுவார்கள். அதைச் சொல்கிறான் என்று அவளும் போய்விட்டாள்.

"நல்லா பாத்தீங்களா?"

"வால்தான் பாத்தேன். உள்ள பூந்துக்கினு இருந்துது. கண்ணாடி விரியன். என் கை தண்டி இருக்கும்." அவள் தோப்பைப் பார்த்தாள். "அந்தக் கட்டுங்கள எங்க போட்டீங்க?"

அவன் முன் வரிசைகளைப் பார்த்தான். கடைசி நடையில் வந்தவை இருபத்துநான்கு கட்டுகள். மழை படாத, பொன் நிறத்து வைக்கோல். போட்டோவில் நன்றாக இருக்கும் என்று அவன் கையாலேயே முன் இரண்டு வரிசையில் போட்டிருந்தான்.

மாப்பிள்ளை அஜித்குமாரின் சொந்தங்கள் அங்கே உட்கார்ந்திருந்தார்கள். தோப்புக்குள் நுழையும்போதே எல்லோரும் செருப்பைக் கழற்றிவிட்டிருந்தார்கள். விரிப்புகள் தரை வரை தொங்கியதால் கட்டுக்கும் கட்டுக்கும் நடுவில் என்ன இருக்கிறது என்று தெரியவில்லை. இரண்டு குழந்தைகள் ஒரு கட்டிலிருந்து இன்னொன்றுக்குத் தாவிக்கொண்டிருந்தன. விரியன் சீறினால் குக்கர் போலக் கேட்கும் என்று அவனுக்குத் தெரியும். தவில் அடிக்கிற அடியில் எதுவும் கேட்காது.

மைக்கில் சொல்லலாம். சொன்னால் நாற்பத்தெட்டுப் பேர் ஒரே நேரத்தில் வைக்கோலை மிதித்துக்கொண்டு குதிப்பார்கள். எந்தக் கால் அதன்மேல் விழும்? பாம்பு வந்த கல்யாணம் என்று மாப்பிள்ளை வீட்டார் எழுந்து போய்விட்டால்? இரண்டாவது கவலை முதல் கவலைக்குச் சமமாக வந்ததை அவன் கவனித்தான். கவனித்தும் அது போகவில்லை.

போட்டோ எடுக்கிற கலையரசனிடம் போனான். "முன்னாடி கீறவங்க எல்லாரையும் மேடைக்குக் கூப்புடு. குரூப் போட்டோன்னு சொல்லு. ஒருத்தர் வுடாம."

"தாலி கட்டறதுக்கு முன்னாடியாண்ணா? ஐயர் என்னத் திட்டுவாரு."

"கூப்புடுடா."

கலையரசன் கூப்பிட்டான். போட்டோ என்றதும் முன் வரிசை எழுந்தது. புடவையைச் சரிசெய்துகொண்டு, ஒருவரை ஒருவர் கேலி பேசிக்கொண்டு, மெதுவாக, மிக மெதுவாக எழுந்தார்கள். ஒவ்வொரு பாதமும் தரையில் படுவதை அறிவுச்செல்வன் பார்த்துக்கொண்டே இருந்தான். தாவிக்கொண்டிருந்த இரண்டு குழந்தைகளையும் இடுப்புக்கு ஒன்றாகத் தூக்கி மேடையில் விட்டான்.

திரும்பினால் ஆண்டாள் எழவில்லை. மாப்பிள்ளையின் பெரியம்மா, ரிஷிவந்தியத்துக்காரர். போன மாதம் முட்டி ஆபரேஷன் ஆனவர். இரண்டாம் வரிசையில், முதுகுக்குக் கட்டு வைத்த இடத்தில் சாய்ந்திருந்தார்.

"பெரியம்மா, போட்டோவுக்கு வாங்க."

"எனக்கு இன்னாத்துக்குப் போட்டோ? என்ன வுட்டுட்டு எடுங்க. எங்க வூட்டுக் கட்டில்கூட இப்டி சொகமா இல்ல தம்பி. யாரு ஐடியா இது?"

"என்னோடதுதாங்க."

"நல்லா செஞ்ச." அவர் குதிகாலால் கட்டைத் தட்டிக்கொண்டிருந்தார்.

நாயனக்காரர் மூச்சு வாங்க நிறுத்தினார். தவிலும் நின்றது. அப்போது அவனுக்குக் கேட்டது. விரிப்புக்குக் கீழே எங்கோ, காற்று இழுத்து விடுகிற மாதிரி ஒரு சத்தம். சமையல் பக்கம் கேஸ் அடுப்பு எரிகிற சத்தமாகவும் இருக்கலாம். அவனால் பிரித்துச் சொல்ல முடியவில்லை. அவன் கால்கள் பின்னால் போகப் பார்த்தன. போகவில்லை. குனிந்து அவர் காதருகே சொன்னான்.

"பெரியம்மா, வைக்கோல்ல பூச்சி கீது."

குதிகால் நின்றது. என்ன பூச்சி என்று அவர் கேட்கவில்லை.

"எந்தப் பக்கம்?"

"தெரியலீங்க."

"கையக் குடு. இழுக்காத. நானே எழுந்திரிக்கறேன்."

அவர் எழ எவ்வளவு நேரம் ஆயிற்று என்று அவனுக்குத் தெரியாது. அவர் விரல்கள் அவன் மணிக்கட்டில் பதிந்தன. ஒரு கால், இன்னொரு கால். மரத்தடிக்கு வந்து சேர்ந்ததும் ஆண்டாள், "கட்டக் காலால தட்டிக்கினு இல்ல ஒக்காந்திருந்தேன்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு மரத்தைப் பிடித்து நின்றார்.

அதற்குள் ஆயம்மாள் காசிநாதனை அழைத்து வந்திருந்தாள். மேடையில் போட்டோ முடியப்போகிறது. எல்லோரும் திரும்பி வந்து உட்காருவார்கள்.

"காசி, இந்த ரெண்டு வரிசையும் சத்தமில்லாம எடுத்துடு. மாட்டுக்குன்னு சொல்லிக்கலாம்" என்றான் அறிவுச்செல்வன்.

"கம்பு எடுத்துக்கினு வரேங்க. கொக்கி போட்டு இழுக்கணும், கைய வெக்கக் கூடாது."

"கம்பப் பாத்தா இன்னான்னு கேப்பாங்க. கயித்தப் புடிச்சி தூக்கிடலாம். நானும் தூக்கறேன்."

காசிநாதன் அவனைப் பார்த்தார். பிறகு மேடையைப் பார்த்தார். துண்டைக் கையில் சுற்றிக்கொண்டு ஓரத்துக் கட்டைத் தூக்கினார். அறிவுச்செல்வன் மறு ஓரத்திலிருந்து தூக்கினான். மூன்று கட்டுகள் போயின. இரண்டாம் வரிசையில் நாலாவது கட்டைப் பாதி தூக்கிய காசிநாதன் அப்படியே கீழே போட்டார். கத்தவில்லை. வலது கையை மார்போடு அணைத்துக்கொண்டு அவனிடம் வந்தார்.

"புடிச்சிடுச்சுங்க" என்றார், மெதுவாக.

ஆயம்மாள்தான் கத்தினாள். தவில் மறுபடி தொடங்கியிருந்ததால் மேடைக்கு அது கேட்கவில்லை.

அறிவுச்செல்வன் தன் காரில் இருவரையும் ஏற்றிக்கொண்டு கள்ளக்குறிச்சிக்கு ஓட்டினான். தாலி எட்டு பத்துக்குக் கட்டப்பட்டது. அவன் அங்கே இல்லை. முன் இரண்டு வரிசைகளில் ஆண்டாள் யாரையும் உட்கார விடவில்லை. மாப்பிள்ளை வீட்டார் மூன்றாம் வரிசையிலிருந்து உட்கார்ந்திருந்தார்கள். அவன் போனில் கூப்பிட்டு ஒன்பதரைக்கு வந்த தீயணைப்பு வீரர்கள் நாலாவது கட்டுக்குக் கீழே இருந்த கண்ணாடி விரியனைப் பிடித்துக்கொண்டு போனார்கள்.

அரசு மருத்துவமனையில் காசிநாதனுக்கு இருபது குப்பி விஷமுறிவு மருந்து ஏற்றினார்கள். ஒன்பதாம் நாள் வீட்டுக்கு அனுப்பினார்கள். வலது கை நடுவிரல் மடங்குவதில்லை.