உரித்த நெற்று

...இன்னும் ஒரு நார் போதும், இழுத்துக் கட்டினால் பிளவு மூடிக்கொள்ளும், பார்க்கிறவர்களுக்கு உரிக்காத காய் போலவே இருக்கும், பார்க்கிறவர்களை ஏமாற்றலாம், உள்ளே இருக்கிற முளையை எப்படி ஏமாற்றுவது... பக்தவத்சலம் நாரைப் பல்லில் கடித்து முடிச்சை இறுக்கினார். வழுக்கியது. மட்டைத் துண்டுகள் மறுபடியும் விரிந்து விழ, தேங்காய் குடுமியோடு மொட்டையாக மடியில் உட்கார்ந்திருந்தது. நாளை மெட்ராஸ் கப்பல். ஊர்ப் பள்ளிக்கூடத்தில் வேலை கிடைத்துவிட்டது, இனி இந்தத் தீவுக்கு, பெரார்கஞ்சுக்குத் திரும்பி வரப்போவதில்லை. கப்பல் ஏறுகிற எல்லோரும் செய்வதைத்தானே செய்தேன், உறவுக்காரர்களுக்குக் கொடுக்கக் காய்களை உரித்துச் சாக்கில் கட்டுவது, மட்டையோடு போனால் யார் சுமப்பது... காலையில் பாரையை நட்டு உரித்துக்கொண்டிருந்தபோது பக்கத்து வீட்டுப் பன்னீர்செல்வம் வேலிக்கு மேல் எட்டிப் பார்த்து, "அரே மாஸ்டர்ஜி, நாரியல் உரிக்கவும் கிராமர் இருக்கா? பாத்து, மெயின்லேண்ட் போய் அந்தக் கையிலதான் சாக்பீஸ் பிடிக்கணும்!" என்று சிரித்தார், இவரும் சிரித்தார், சிரித்த வேகத்தில்தான் அடுக்களை வாசலில் துணி மூடிக் கிடந்த ஒற்றைக் காயையும் எடுத்துப் பாரையில் குத்தினார், குவியலிலிருந்து உருண்டு போனது என்று நினைத்து. துணி போட்டு மூடிய காய் உருண்டா போகும்?

"என்னங்க, அதையுமா?" என்றாள் நீலாவதி. தண்ணீர்க் குடத்தோடு நின்றாள், இறக்கி வைக்கவில்லை. பிறகு மெதுவாக, "அது பின்னாடி மரத்துக் காய்ங்க. முதல் காய். ஊர்ல நட்டு வைக்கலாம்னு வச்சிருந்தேன். மத்ததெல்லாம் இன்னும் பிஞ்சு" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். பின்னாடி மரம். இங்கே வந்த முதல் மழைக்காலத்தில் காய்ச்சல், பெயர் வைக்கும் முன்பே குழந்தை போனது, பன்னீர்செல்வம்தான் குழி வெட்டினார், மேலே நீலாவதி ஒரு தென்னம்பிள்ளையை நட்டாள். அன்றிலிருந்து அவர் வீட்டின் பின்பக்கம் போனதில்லை, குளிக்கக்கூட ஓடைக்குச் சுற்றிப் போவார். அது வளர்ந்ததோ பாளை விட்டதோ காய்த்ததோ தெரியாது, அவள் சொல்லவில்லை, இவர் கேட்கவில்லை. வகுப்பில் மட்டும் வாய் ஓயாது... ஹஸ்க் என்றால் நெல்லுக்கு உமி, தேங்காய்க்கு மட்டை, நமக்குத் தனித்தனிச் சொல், வெள்ளைக்காரனுக்கு ஒன்றுதான், உள்ளே ஒன்றுமில்லாமல் வெறும் மேல்தோலாய் நடமாடுகிற மனிதனையும் அப்படித்தான் சொல்வான், டச்சுக்காரர்கள் குட்டி வீட்டுக்கு வைத்திருந்த பெயரிலிருந்து வந்திருக்கலாம் என்று அகராதியில் போட்டிருக்கிறது... குட்டி வீடு என்றதும் பிள்ளைகள் சிரித்தார்கள், உள்ளே யார் சார் குடியிருப்பாங்க என்று ஒருத்தி கேட்டாள், அதற்கு மட்டும் என்ன பதில் சொன்னேன்? அடுத்த சொல்லுக்குப் போயிருப்பேன். அதுதானே எனக்குத் தெரிந்தது, அடுத்ததுக்குப் போவது. மட்டை போன நெற்று காய்ந்துவிடும், முளைக்காது, இந்தத் தீவில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும், முதல் காயைக் குத்திக் கிழித்தது இந்தக் கைதான், இப்போது கட்டிக்கொண்டிருப்பதும் இந்தக் கைதான்...

எப்போது வந்து உட்கார்ந்தாள் என்று தெரியவில்லை. எதிரே நீலாவதி, மட்டைத் துண்டுகளை ஒன்று சேர்த்து இரண்டு கைகளாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டாள். அவர் நாரைச் சுற்றினார். இந்த முறை முடிச்சு நின்றது. "முளைக்காது நீலா" என்றார். "தெரியும்" என்றாள். கட்டிய காயை வாங்கித் துணியில் சுற்றினாள். சாக்கில் போட்டுவிடலாமே என்று அவர் கை நீட்ட, "வேண்டாங்க, மடியில வச்சுக்கறேன், இவளை நான் சுமந்ததில்லையா" என்று எழுந்துபோனாள். இவளை... நார் பிசிர் ஒட்டிய விரல்களைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். தினமும் அந்த மரத்துக்குத் தண்ணீர் ஊற்றப் போனவள் சும்மாவா ஊற்றியிருப்பாள், பேசியிருப்பாள், கூப்பிட்டிருப்பாள், இத்தனை வருஷமாக ஒரு பெயர் இந்த வீட்டின் பின்னால் சொல்லப்பட்டுக்கொண்டே இருந்திருக்கிறது... என்ன பெயர்?