மேல்பெட்டி, கீழ்ப்பெட்டி

ஆஸ்பத்திரி சலவைக்கூடத்து ஆட்களுக்கும் இனி வருகைப்பதிவு கம்ப்யூட்டரில்தான் என்று சொல்லி, பாடம் எடுக்க ஒரு வாத்தியாரை அனுப்பினார்கள். அவன் வாய் இருக்கிறதே, அதை எங்கள் மெஷினில் போட்டு வெந்நீரில் அலசினாலும் சுத்தமாகாது.

"இது டிவி இல்ல பெருசு, மானிட்டர். இது எலி இல்ல, மவுஸ், கடிக்காது, பிடி." எல்லாருக்கும் இதே மரியாதைதான். தேறாதவர்களுக்கு வேலை கிடையாது என்றும் மிரட்டி வைத்திருந்தான்.

அன்றைக்குப் பாஸ்வேர்டு. "ரகசியச் சொல். நீங்க மறக்கவே கூடாது, வேற யாருக்கும் தெரியவும் கூடாது. ஏய் ஊமைக்கோட்டான், நீ வா."

இஸ்திரி போடுகிறவளைத்தான் அப்படிக் கூப்பிட்டான். அடித்துக் கொல்லும் புருஷனிடமிருந்து மகளோடு தப்பி வந்தவள். எங்கே குடியிருக்கிறாள் என்று எனக்குக்கூடச் சொன்னதில்லை. அவள் நாத்தனாரும் எங்களோடுதான் துணி மடிக்கிறாள், அந்தப் பயம்.

அவளிடம் இருந்தது ஒரே ரகசியம். பைத்தியக்காரி, வாத்தியார் பேச்சை அப்படியே நம்பி அதையே தட்டினாள். கீழ்ப்பெட்டியில் தட்டியிருந்தால் வெறும் புள்ளிகள்தான் தெரியும். இவள் பெயர் போடுகிற மேல்பெட்டியில் தட்டிவிட்டாள். சுவரில் மாட்டிய பெரிய திரையில் எழுத்தெழுத்தாக விழுந்தது: பேக்கரி சந்து, பதினேழு, மாடி.

எல்லாரும் சிரித்தார்கள். நாத்தனார் போனை எடுத்துக்கொண்டு வெளியே போனாள்.

"சார், அழிச்சிடுங்க. பொண்ணு வீட்ல தனியா இருக்கு, நான் போகணும்."

"தப்பு அப்படியே இருக்கட்டும், அப்பதான் மத்தவங்க மண்டையில ஏறும். யூசர் நேம்னா என்ன, பாஸ்வேர்டுன்னா என்ன? சரியா சொல்லிட்டுப் போ."

அவளுக்கு நாக்குக் குழறியது. மாற்றிச் சொன்னாள். "மறுபடி," என்றான். மறுபடியும் மாற்றிச் சொன்னாள். அவன் கண்ணில் நீர் வரச் சிரித்தான்.

"விட்டுத் தொலையேன்யா, படுபாவி!" என்று நான் கத்திய பிறகுதான் அவள் நாற்காலியைத் தள்ளிவிட்டு ஓடினாள். நானும் பின்னாலேயே ஓடினேன்.

மாடிக் கதவு திறந்திருந்தது. அவள் புருஷன் கட்டிலில் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தான். குழந்தை பக்கத்தில், அழக்கூடப் பயந்துபோய்.

"வீடு சின்னதுன்னாலும் காத்தோட்டமா இருக்கு," என்றவன் என்னைப் பார்த்தான். "நீங்க கிளம்புங்கக்கா, இது குடும்ப விஷயம். உள்ள வாடி, கதவைச் சாத்து."

மகளின் பின்னலை அவன் கையில் சுற்றிப் பிடித்திருந்தான். அவள் உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள்.