ஒன்பது நாள் ஸ்தாபகர்

எங்கள் ஊரின் ஐம்பதாம் ஆண்டு மலர் அச்சாகி வந்த அன்றே எனக்கு வயிறு எரிந்தது. ஏழாம் பக்கத்தில் ஸ்தாபகர் பட்டியல். பன்னிரண்டாவது பெயர்: ‘லுட்விக் ஹிர்ஷ்பெர்க், மனைவியுடன்’. அந்த மனைவி நான்தான். எடித் என்று எனக்கொரு பெயர் இருப்பது இந்தக் கஃபர் ரோத்தம் ஊரில் கோழிகளுக்குக்கூடத் தெரியும்.

மனைவி என்பதும் பேருக்குத்தான். நாஜிகளிடமிருந்து தப்பும் யூதர்களில் கணவனும் மனைவியும் 1938இல் ஒரே குடியேற்றச் சான்றிதழில் இங்கே வரலாம். உயிர் பிழைக்க வேறு வழியில்லாமல், ஸ்டுட்கார்ட்டில் முன்பின் தெரியாத லுட்விக்கைக் காகிதத்துக்காகக் கட்டிக்கொண்டேன். கப்பலை விட்டு இறங்கியதும் பிரிவது என்று பேச்சு. ஆனால் இங்கே கடலோர மணலில் குடும்பஸ்தனுக்குத்தான் நிலம் கொடுத்தார்கள். அவருக்கு நிலத்தாசை பிடித்துக்கொண்டது. ஒன்பது நாள் கூடாரத்தில் கொசுக்கடி. பத்தாம் நாள் ஆசை தெளிந்து, ஹைஃபா நகருக்குப் போய்ச் செருப்புக்கடை வைத்தார். மதகுரு ரப்பி முன்னால் கல்யாணத்தை முறைப்படி தீர்த்துக்கொண்டோம். மணல் என் தலையில் விழுந்தது. ஐம்பது வருஷம் அதில் முதுகை ஒடித்துக்கொண்டவள் நான்.

ஊர்ச் செயலர் அம்னோன் இங்கேயே பிறந்தவன். என் பசுவின் பாலைக் குடித்து வளர்ந்தவன். மலரை எடுத்துக்கொண்டு அவனிடம் போனேன்.

“அந்த ஆள் இங்க ஒரு செடியாவது நட்டாரா?”

“கோவிச்சுக்காதீங்க எடித். அன்னைக்குப் பத்திரத்துல அவர் பேர்தானே இருக்கு? வரலாறுன்னா ஆதாரம் வேணும்ல.”

“ஆதாரமா? என் கையைப் பாரு.”

“கையையெல்லாம் மலர்ல போட முடியுமா?” சிரிப்பு வேறு. “விழாவுல உங்களுக்கு நல்ல இடம் வச்சிருக்கேன். ஸ்தாபகர் குடும்பத்தார் வரிசையில.”

“எந்தக் குடும்பம்டா?”



விழாவுக்கு லுட்விக்கைக் காரில் அழைத்து வந்தார்கள். எண்பதை நெருங்கும் வயது, வெள்ளைச் சட்டை, பளபளக்கும் ஷூ. அம்னோன் அவரை மேடையேற்றி, மைக்கைக் கையில் கொடுத்து, “அந்த முதல் வருஷத்தைப் பத்திச் சொல்லுங்க” என்றான். மனிதர் திருதிருவென்று விழித்தார். சொல்ல ஏதாவது இருந்தால்தானே? கூட்டத்தில் என்னைத் தேடிப் பிடித்து, வெட்கமே இல்லாமல் மைக்கிலேயே கேட்டார்.

“எடித், நாம மொதல்ல என்ன நட்டோம்? ஞாபகம் இருக்கா?”

எழுந்தேன்.

“நாம ஒண்ணும் நடல. நான் வெங்காயம் நட்டேன். ரெண்டு தடவ காய்ஞ்சு போச்சு, மூணாவது தடவையும் நட்டேன். நீங்க அப்போ ஹைஃபாவுல செருப்பு வித்துக்கிட்டிருந்தீங்க.”

பின்வரிசையில் சிலர் சிரித்தார்கள். அம்னோன் முகம் கறுத்து, சட்டம் போட்ட சான்றிதழை அவசரமாக அவரிடம் நீட்டினான். ‘ஸ்தாபகர் லுட்விக் ஹிர்ஷ்பெர்க்.’ இது எனக்குரியது இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அதற்கு அவருக்கு அவகாசமும் இருந்தது. இரண்டு கையாலும் வாங்கி மார்போடு அணைத்துக்கொண்டார்.

“எனக்கு உறுதுணையா இருந்த என் மனைவிக்கும் நன்றி” என்றார்.

கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது.