பிரிஜெட் ஓடாத எண்ணூறு மீட்டர்

என் அக்கா பிரிஜெட் ஓடுவதற்காகத்தான் கல்யாணம் பண்ணிக்கொண்டாள். சொன்னால் எங்கள் காக்ஸ் டவுனில் ஒருத்தரும் நம்பமாட்டார்கள். அங்கே பெண்ணின் ஓட்டத்தை நிறுத்தத்தான் கல்யாணம் பண்ணிவைப்பார்கள்.

எண்ணூறு மீட்டரில் மைசூர் ராஜ்யத்துக்கே அவள்தான் முதல். மூன்று வருஷமாக அவளை யாரும் முந்தவில்லை. நூறு மீட்டர் ஓடுகிறவளை ஜனங்களுக்குப் புரியும். கண்ணை மூடித் திறப்பதற்குள் முடிந்துவிடும். மைதானத்தை இரண்டு சுற்று சுற்றுகிற பெண்ணை ஏதோ தப்பு செய்கிறவளைப் போலப் பார்ப்பார்கள். முதல் சுற்றில் அக்கா கடைசியில்தான் வருவாள். "என்னா ஆம்ப்ரோஸு, உன் பொண்ணு தூங்கிட்டாளா?" என்று பின்னாலிருந்து குரல் வரும். அப்பா திரும்பமாட்டார். கண்டோன்மெண்ட் ஸ்டேஷனில் பார்சல் தூக்குகிற கலாசி அவர், யார் கத்தினாலும் திரும்பாமல் நடந்து பழகியவர். இரண்டாவது சுற்றில், எதிர்ப்பக்கத்து வளைவில், அக்கா ஒவ்வொருத்தியாகத் தாண்டுவாள். அவசரமே இருக்காது. ரேஷன் கியூ நகர்கிற மாதிரி இருக்கும்.

அறுபத்தொன்றில் தேசியப் போட்டி வடக்கே, ஈஸ்டர் கழிந்த வாரம். எங்கள் அணியில் பெண் என்று அவள் ஒருத்திதான். ஓட்டப்பந்தயச் சங்கத்துக் காரியதரிசி அப்பாவைக் கூப்பிட்டனுப்பினார்.

"இத்தனை ஆம்பளைங்க கூட ஒத்தைப் பொண்ணை ரயில்ல எப்படிப்பா ஏத்தறது? கூட ஒரு லேடி வரணும். இல்லே, புருஷன் வரணும். சும்னே ரிஸ்க் பேடா, வீணா வம்பு வேணாம்."

"அப்பன் வந்தா ஆகாதா சார்?"

"உனக்கு லீவு குடுப்பானா?"

கொடுக்கமாட்டான். லேடிக்கு டிக்கெட் போடச் சங்கத்தில் பணம் இல்லையாம். ஆண்கள் எல்லோருக்கும் இருந்தது.

ஓஸ்வால்ட் ஏற்கெனவே அக்காவைப் பெண் கேட்டிருந்தான். பஸ் டிப்போவில் மெக்கானிக். விஷயம் தெரிந்ததும் பூசை முடிந்து மாதா கோயில் வாசலில் அவளிடமே வந்து, "நான் கூட்டிட்டுப் போறேன், என் செலவுல. எனக்கும் ஊர் பார்த்த மாதிரி ஆச்சு" என்றான். நல்லவன். அவன் கெட்டவனாக இருந்திருந்தால் பழி போட எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

ஈஸ்டருக்கு முந்திய நாற்பது நாளும் தபசுகாலம், அப்போது எங்களுக்குக் கல்யாணம் கிடையாது. ஈஸ்டர் வரை காத்திருந்தால் போட்டிக்கு ரயில் போய்விடும். தபசுகாலம் தொடங்குகிற விபூதிப் புதனுக்கு முன்னால் முடித்தாகவேண்டும். அதற்கு முன் மூன்று ஞாயிறு பூசையில் ஓலை வாசிக்கவேண்டும்: இன்னாருக்கும் இன்னாருக்கும் கல்யாணம், தடை ஏதும் தெரிந்தவர்கள் சொல்லலாம் என்று. அக்கா தானே போய்ச் சாமியாரிடம் ஓலை கொடுத்தாள். பெண்ணே வந்து நிற்பதைப் பார்த்து அவர் முழித்தாராம்.

"என்னம்மா அப்படி அவசரம்?"

"ரேஸ் இருக்கு சாமி."

மூன்று ஞாயிறும் வாசித்தார்கள். ஒருத்தரும் தடை சொல்லவில்லை.

கல்யாணம் ஆன மறு வாரமே பட்டாளத்து மைதானத்தில் ஓட ஆரம்பித்துவிட்டாள். ஓஸ்வால்ட் சைக்கிளில் பின்னாலேயே போவான். தபசுகாலம் முழுக்க அப்படியே ஓடியது. ஈஸ்டருக்கு முந்தின குருத்தோலை ஞாயிறு சமயத்தில் அவளுக்கு நாள் தள்ளிப்போயிற்று.

ஓஸ்வால்டின் அம்மா டோரதி அதைக் கண்டுபிடித்துவிட்டாள். நான் போனபோது அக்கா கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். டோரதி கதவை மறித்துக்கொண்டு நின்றாள்.

"இப்பத்தான் பூ மாதிரி நிக்குது. அதைக் குலுக்கிக்கிட்டுப் போயி மெடல் வாங்கணுமா?"

"மாமி, நாத்து நடற பொம்பளைங்க எல்லாம் மாசமா இருக்கும்போது குனிஞ்சு நிமிந்து நடலையா?" என்றேன்.

"நீ பி.ஏ. படிச்சே. நான் அஞ்சு பெத்தேன்."

எங்கள் வீட்டில் காலேஜ் வாசலை மிதித்த முதல் ஆள் நான். ஓஸ்வால்ட் தரையைப் பார்த்துக்கொண்டு, "அம்மா சொல்றதுல ஏதாச்சும் இருந்துட்டா?" என்றான்.

அக்கா காலைக் கட்டில்மேல் தூக்கி வைத்துக்கொண்டாள். அப்புறம் என்னிடம் சொன்னாள்: "போட்டி அடுத்த வருஷமும் வரும்டி."

படுத்துக்கொண்டாள். டோரதி அவளைக் குழாயடிக்குக்கூட அனுப்பவில்லை. ரயில் போயிற்று, போட்டி நடந்தது. அந்த எண்ணூறு மீட்டரில் ஜெயித்தவளின் நேரத்தைப் பேப்பரில் பார்த்தேன். அக்கா பயிற்சியிலேயே அதைவிட வேகமாக ஓடியிருக்கிறாள். பேப்பரை அவளிடம் காட்டவில்லை.

அடுத்த வாரம் கரு கலைந்தது. கட்டிலில் படுத்தபடியே.

டோரதி நிஜமாகத்தான் அழுதாள். அழுதுகொண்டே, "எல்லாம் முன்னே ஓடுன ஓட்டம். உள்ளே எல்லாம் இறங்கிப் போயிருக்கும்" என்றாள். அக்கா அதை நம்பினாள். அப்புறம் அவள் நடையே மாறிவிட்டது. தளும்பத் தளும்ப நிறைந்த குடத்தை இடுப்பில் வைத்திருக்கிறவள் போல, அடி பார்த்து வைத்து நடந்தாள். மாசங்கள் போயின. குழந்தையும் நிற்கவில்லை, ஓட்டமும் இல்லை.

எனக்குப் பொறுக்கவில்லை. ஒரு லேடி டாக்டரிடம் இழுத்துக்கொண்டு போனேன். டாக்டர் நன்றாகப் பரிசோதித்துவிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டே சொன்னாள்: "உடம்பு இரும்பாட்டம் இருக்கு. முதல் கரு நிறைய பேருக்கு இப்படிப் போறதுதான். ஓட்டத்துக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்லை."

நான் ஜெயித்துவிட்ட மாதிரி அக்காவைப் பார்த்தேன்.

"அந்த மாசம் நான் ஓடியிருந்தா?" என்று கேட்டாள் அவள்.

"ஓடியிருந்தாலும் இதேதான் ஆகியிருக்கும்."

"படுத்தே இருந்தாலும்?"

"படுத்தே இருந்தாலும்."

வெளியே பஸ் ஸ்டாப்பில் வெயில். அவள் அழவில்லை.

"அப்ப நான் போயிருக்கலாம்" என்றாள்.

"இப்ப என்ன கெட்டுப்போச்சு? நாளைக்கே மைதானத்துக்கு வா. அந்த மாமி முகத்துக்கு நேரா நானே சொல்றேன்."

"சொல்லாதே."

"ஏன் சொல்லக்கூடாது?"

"பிள்ளைக்காக விட்டேன்னு இருந்தேன் இத்தனை நாளா. அதையும் நீ பிடுங்கிக்கிட்டா, நான் எதுக்காக விட்டேன்?"

பஸ் வந்தது. கூட்டத்தைப் பார்த்து ஸ்டாப்பைத் தாண்டிப் போய்த்தான் நின்றது. எல்லோரும் ஓடினார்கள். பை தூக்கின கிழவர்கூட ஓடினார். நான் நாலடி ஓடித் திரும்பிப் பார்த்தேன். அக்கா நடந்துவந்துகொண்டிருந்தாள். கண்டக்டர் அவளைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு விசில் அடித்தான்; எங்களை விட்டுவிட்டுப் பஸ் கிளம்பியது.