ஃபுல் கவர்

சகாயம்மாளுக்குக் கார் ஓட்ட வந்தது ஐம்பத்தோராவது வயதில். கணவர் இறந்து, மகன் ரெஜின் ஓசூருக்கு வேலைக்குப் போய், குவார்ட்டர்ஸில் தனியாகிவிட்ட பிறகு, யாரிடமும் கேட்காமல் டிரைவிங் ஸ்கூலில் போய்ச் சேர்ந்தாள். நெய்வேலி டவுன்ஷிப் ஆஸ்பத்திரியில் கூட வேலை பார்த்த நர்ஸ்கள் சிரித்தார்கள். காந்திமதி மட்டும்தான் சிரிக்கவில்லை. வெள்ளைக் கார் வந்த அன்று மந்தாரக்குப்பத்திலிருந்து எலுமிச்சம்பழம் வாங்கிக்கொண்டு வந்து, சக்கரத்துக்கு அடியில் தானே வைத்தாள். "நீ கும்புடுற சாமி வேற, நான் கும்புடுற சாமி வேற. வண்டிக்கு ரெண்டும் இருக்கட்டும்க்கா" என்றாள்.

காந்திமதி அதே வார்டில் ஆயா. காண்ட்ராக்ட். சகாயம்மாள் பர்மனென்ட். ஒன்பது வருடமாக இருவருக்கும் ஒரே ஷிப்ட் விழும்போதெல்லாம் ஒரே டிபன் டப்பாவில்தான் சாப்பாடு. காந்திமதியின் மகள் இசைப்பிரியா பிளஸ் டூ முடித்ததும், கடலூரில் ஒரு நர்சிங் கல்லூரிக்கு விண்ணப்பம் எழுதி, அலைந்து திரிந்து இடம் வாங்கிக் கொடுத்தவள் சகாயம்மாள். அந்தப் பெண் அவளைப் பெரியம்மா என்றுதான் கூப்பிடும்.

காந்திமதியின் கணவன் செல்வகுமார் சுரங்கத்தில் காண்ட்ராக்ட் வேலை செய்துகொண்டே, வண்டிகளுக்கு இன்சூரன்ஸும் பிடித்துக் கொடுப்பான். கார் வாங்கியதிலிருந்து சகாயம்மாளுக்கு எல்லாம் அவன்தான். வருடா வருடம் அவன் சொல்லும் தொகையைப் போனிலேயே அனுப்பிவிடுவாள்.

"ஃபுல் கவர் தானே தம்பி?"

"பம்பர் டு பம்பர்க்கா. கண்ணாடில கீறல் வுழுந்தாக்கூட கம்பெனிகாரன் வந்து பாத்துட்டுத்தான் போவான். நீ தைரியமா ஓட்டு."

பாலிசியைப் படம் எடுத்து அனுப்புவான். மேலே கம்பெனி பெயர், கீழே வண்டி எண், முடியும் தேதி. அதற்கு மேல் அவள் பார்த்ததில்லை. மருந்துச் சீட்டில் மில்லிகிராமை இரண்டு தடவை சரிபார்க்கிறவள், அந்தக் காகிதத்தை ஒரு தடவைகூடப் பெரிதாக்கிப் பார்க்கவில்லை.

இசைப்பிரியாவை ஹாஸ்டலில் விடப் போன நாள் அது. பெட்டி, பாய், பக்கெட் எல்லாம் காரில் ஏற்றி, மூன்று பேரும் காலையிலேயே கிளம்பினார்கள். செல்வகுமாருக்கு அன்று ஷிப்ட். மகளை விட்டுவிட்டுத் திரும்பும்போது காந்திமதி முன் சீட்டில் அழுதுகொண்டே வந்தாள். சகாயம்மாள் பேச்சை மாற்றப் பார்த்தாள். குறிஞ்சிப்பாடி தாண்டியதும் எதிரே நெல்லிக்குப்பம் ஆலைக்குப் போகும் கரும்பு டிராக்டர்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. மூன்றாவது டிராக்டரின் டிரெய்லரிலிருந்து ஒரு கட்டு சரிந்து சாலையில் விழுந்தது. சகாயம்மாள் ஸ்டியரிங்கை இடது பக்கம் ஒடித்தாள். கார் சாலையை விட்டு இறங்கி, வாய்க்கால் மதகில் இடது முன்பக்கம் மோதி நின்றது.

டிராக்டர் நிற்கவில்லை. சகாயம்மாளுக்கு மணிக்கட்டில் வீக்கம், அவ்வளவுதான். காந்திமதிக்குத் தொடை எலும்பு முறிந்துவிட்டது. ஆம்புலன்ஸ் வரும்வரை சகாயம்மாள் அவள் காலை அசையாமல் பிடித்துக்கொண்டு வாய்க்கால் கரையில் உட்கார்ந்திருந்தாள்.

"ஒண்ணும் ஆவாது காந்தி. ஃபுல் கவர் இருக்கு. உனக்கும் சேத்துத்தான் வரும். பயப்படாத."

காந்திமதி கண்ணை மூடிக்கொண்டாள். வலியில் மூடுகிறாள் என்றுதான் சகாயம்மாள் நினைத்தாள்.

கடலூரில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் ஆபரேஷன் நடந்தது. எலும்புக்குள் கம்பி வைத்தார்கள். இன்சூரன்ஸ் கம்பெனிக்குத் தகவல் சொல்லிவிட்டாயா என்று சகாயம்மாள் கேட்டபோதெல்லாம், "நான் பாத்துக்குறேங்க்கா, நீ அதையெல்லாம் மனசுல போட்டுக்காத" என்றான் செல்வகுமார். பத்து நாள் போயிற்று. வடலூர் ஒர்க்‌ஷாப்பில் கிடந்த காரைப் பார்க்க யாரும் வரவில்லை. மெக்கானிக்கே போன் செய்தான்: "இன்சூரன்ஸ் கம்பெனி சர்வேயர் வந்து பாக்காம நான் ஒரு போல்ட்டக்கூட கழட்ட முடியாதும்மா."

அன்று விடுப்பு எடுத்துக்கொண்டு சகாயம்மாள் பஸ் ஏறிக் கடலூரில் கம்பெனிக் கிளைக்கே போனாள். அங்கே கிருஷ்ணப்ரியா என்ற அதிகாரி வண்டி எண்ணைத் தட்டிப் பார்த்தாள். பிறகு திரையை இவள் பக்கம் திருப்பினாள்.

"மேடம், இது தேர்டு பார்ட்டி பாலிசி."

"அப்படின்னா?"

"உங்க வண்டி மோதி ரோட்டுல போற யாருக்காவது அடிபட்டா, இல்ல அவங்க பொருள் சேதமானா, அதுக்கு நாங்க குடுப்போம். சட்டப்படி எல்லாரும் கட்டாயம் போட வேண்டியது இது மட்டும்தான். உங்க வண்டி உடைஞ்சா இதுல வராது."

"நான் ஃபுல் கவர் போட்டிருக்கேன்மா."

"ஃபுல் கவர்னு பாலிசில எங்கயும் இருக்காது மேடம், அது வெளில பேசிக்கிறது. பேக்கேஜ் பாலிசின்னு இருக்கும். அதுல ரோட்டுல போறவங்களுக்கும் உண்டு, உங்க வண்டிக்கும் உண்டு. பம்பர் டு பம்பர்னு சொல்றது, தேய்மானம் கழிக்காம குடுக்குறதுக்காக அதுக்கும் மேல கட்டுறது. உங்களுக்கு முதல் மூணு வருஷம் எல்லாம் சரியா இருந்திருக்கு. கடைசி ரெண்டு வருஷமா வெறும் தேர்டு பார்ட்டி."

சகாயம்மாள் மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். "என்கூட முன்னாடி உக்காந்து வந்தவளுக்குத் தொடை எலும்பு முறிஞ்சிருக்கு. அவளுக்கு?"

கிருஷ்ணப்ரியா கொஞ்சம் தயங்கினாள். "பேக்கேஜா இருந்தா அவங்களுக்கும் வந்திருக்கும். தேர்டு பார்ட்டில, சொந்தக் காருக்குள்ள சும்மா உக்காந்து வர்றவங்களுக்கு இல்ல மேடம். ஓட்டுற உங்களுக்கு மட்டும் தனியா ஒண்ணு இருக்கு. உயிர் போனாலோ, கை கால் போனாலோதான் அது."

போலீஸ் இரண்டு தடவை வண்டியை நிறுத்திப் பார்த்திருக்கிறார்கள். இன்சூரன்ஸ் இருக்கிறதா என்று பார்த்தார்கள், இருந்தது, விட்டுவிட்டார்கள். பாலிசியில் அவளுடைய போன் நம்பருக்குப் பதிலாகச் செல்வகுமாரின் நம்பர் இருந்தது. கம்பெனி அனுப்பிய குறுஞ்செய்திகள் எல்லாம் அவனுக்கே போயிருந்தன. கட்டிய தொகையையும் கிருஷ்ணப்ரியா காட்டினாள். சகாயம்மாள் அனுப்பியதில் மூன்றில் ஒரு பங்குகூட இல்லை.

மந்தாரக்குப்பத்தில் செல்வகுமார் வீட்டு வாசலில் பைக்கைத் துடைத்துக்கொண்டிருந்தான். பிரிண்ட் எடுத்து வந்ததை அவள் நீட்டியபோது முதலில், சிஸ்டத்தில் தப்பாக ஏறியிருக்கும் என்றான். பிறகு, ஆபீஸில் இருக்கும் பையன் மாற்றிப் போட்டிருப்பான் என்றான். அவள் காகிதத்தை நீட்டியபடியே நின்றாள். அவன் துணியை உதறிச் சீட்டின் மேல் போட்டான்.

"நீ வண்டிய எங்கக்கா எடுக்குற? ஞாயித்துக்கெழம கோயிலுக்கு, அப்பறம் மார்க்கெட்டுக்கு. வருசம் பூரா செட்டுலதான நிக்குது. அதுக்குப் போயி அவ்ளோ கட்டணுமான்னு நெனச்சேன்."

"நீ நெனச்சா எங்கிட்ட சொல்லியிருக்கணும்."

"இசைக்கு டியூஷன் பீசு கட்ட வேண்டியிருந்துச்சு. திருப்பிக் குடுத்துடலாம்னுதான் இருந்தேன்."

"எங்கிட்ட கேட்டிருந்தா குடுத்திருக்க மாட்டேனா தம்பி?"

அவன் மறுபடியும் துணியை எடுத்துக்கொண்டான். சகாயம்மாள் அவனைக் கடந்து வீட்டுக்குள் போனாள். ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்துவிட்ட காந்திமதிக்கு ரத்தம் உறையாமல் இருக்க வயிற்றில் தினம் ஒரு ஊசி போட வேண்டும். ஷிப்ட் முடிந்து வந்து அதைப் போட்டுக்கொண்டிருந்தவள் சகாயம்மாள்தான்.

காந்திமதி கட்டிலில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். வாசலில் பேசியது அவளுக்குக் கேட்காமல் இருக்க வழியில்லை. சகாயம்மாள் கையைக் கழுவிவிட்டு வந்து, ஊசியை எடுத்து, பஞ்சால் துடைத்தாள்.

"உனக்குத் தெரியுமா காந்தி?"

காந்திமதி சுவரைப் பார்த்தாள்.

"தெரியுமா?"

"போன வருசம் தெரியும்க்கா. அது வேணாம்யா, அக்காவுக்குத் துரோகம்னு சண்ட போட்டேன். கேக்கல. நீ மெதுவாத்தான ஓட்டுற, உனக்கு இன்னா ஆவப் போவுதுன்னு நானும் வுட்டுட்டேன்."

"ஒரு வருஷமா ஒரே டப்பாவுல சோறு தின்னுகினு இருந்தோம்."

"சொல்ல வாய் வரலக்கா."

சகாயம்மாள் ஊசியைப் போட்டாள். முப்பது வருடப் பழக்கம் அது. வாய்க்கால் கரையில் காந்திமதி கண்ணை மூடிக்கொண்டது எதற்கென்று இப்போது புரிந்தது. பஞ்சை மடித்துக் குப்பையில் போட்டாள். மிச்சம் இருந்த நான்கு ஊசிகளையும் மேசைமேல் வரிசையாக வைத்து, "பக்கத்துத் தெரு கிளினிக்ல போட்டுவிடுவாங்க. நேரம் மாறக் கூடாது" என்று சொல்லிவிட்டு வெளியே வந்தாள். பஸ் ஸ்டாப்பில் உட்கார்ந்த பிறகுதான் அழுகை வந்தது. செல்வகுமாரை நினைத்து வரவில்லை. அவன் ஏமாற்றினான், அது ஒரு மாதிரி. காந்திமதி தெரிந்தே தன் பக்கத்தில் உட்கார்ந்து, சீட் பெல்ட் போட்டுக்கொண்டு, காலையில் கடலூர் வரைக்கும் பேசிக்கொண்டே வந்திருக்கிறாள். அதைத்தான் அவளால் விழுங்க முடியவில்லை.

மறுநாள் கம்பெனியிலும் போலீஸ் ஸ்டேஷனிலும் எழுதிக் கொடுத்தாள். பணம் போனதற்கான பேங்க் விவரம் எல்லாம் கையில் இருந்தது. வார்டில் செல்வகுமாரிடம் இன்சூரன்ஸ் எடுத்த மற்றவர்களும் தங்கள் காகிதங்களைத் தேடி எடுத்துப் பார்த்தார்கள். மூன்று பேருக்கு இதே கதை. கம்பெனி அவனுடைய ஏஜென்ட் அனுமதியை ரத்து செய்தது. ஆனால் கட்டாத பாலிசிக்கு எப்படித் தருவது என்று காருக்கு எதுவும் தர மறுத்துவிட்டது. கார் இரும்பு விலைக்குப் போனது.

இரண்டு மாதம் கழித்துக் குவார்ட்டர்ஸுக்கு ஒரு வக்கீல் நோட்டீஸ் வந்தது. சகாயம்மாள் அதிவேகமாகவும் அஜாக்கிரதையாகவும் காரை ஓட்டி விபத்து ஏற்படுத்தியதாகவும், அதனால் காந்திமதி நிரந்தரமாக வேலை செய்ய முடியாத நிலைக்கு ஆளானதாகவும், நஷ்ட ஈடு தர வேண்டும் என்றும் அதில் இருந்தது. அவள் அதை நின்றபடியே மூன்று தடவை படித்தாள்.

அவளுடைய வக்கீல் வைத்திலிங்கம் பழைய ஆள், வளைத்துப் பேசத் தெரியாதவர். "அவங்க வக்கீல் எங்கிட்ட பேசிட்டாரும்மா. நீங்க புருஷன் மேல குடுத்த போலீஸ் புகார வாபஸ் வாங்குனா, பொண்டாட்டி இந்தக் கேஸப் போட மாட்டாங்களாம். அதுக்குத்தான் இது."

"வாங்கலன்னா?"

"இன்சூரன்ஸ் கம்பெனிய இதுல குடுக்க வைக்க முடியாது. காருக்குள்ள இருந்தவங்களுக்கு அந்தப் பாலிசி வராது. கோர்ட் குடுக்கச் சொன்னா, நீங்கதான் குடுக்கணும்."

"அவன் பண்ணதுக்கு நான் குடுக்கணும்."

"கேக்க அநியாயமாத்தான் இருக்கும். அவன் பண்ணது வேற கேஸ். நீங்க ஓட்டுனது வேற கேஸ்."

ரெஜின் ஓசூரிலிருந்து போனில் கெஞ்சினான். வாபஸ் வாங்கிவிடு, நிம்மதியாக ரிட்டயர் ஆகு என்றான். அவள் ஒத்துக்கொள்ளவில்லை. "நான்தான் ஓட்டுனேன். அவ கால் ஒடஞ்சது நெசம். கட்டச் சொன்னா கட்டுறேன். ஆனா அவன் பண்ணது இல்லன்னு என் கையால எழுதித் தர மாட்டேன்."

விசாரணை நாளில் காந்திமதி கைத்தடி ஊன்றி வந்து சாட்சிக் கூண்டில் ஏறினாள். கரும்புக் கட்டு விழுந்ததா என்று வைத்திலிங்கம் கேட்டார். தூங்கிக்கொண்டு வந்ததாகச் சொன்னாள். வண்டி என்ன வேகத்தில் போனது என்றார். "வேகமாத்தாங்க போனாங்க" என்றாள். தூங்கிக்கொண்டிருந்தவருக்கு வேகம் எப்படித் தெரிந்தது என்று கேட்டார். அவள் தன் வக்கீலைப் பார்த்தாள். அந்தப் பாலிசி வெறும் தேர்டு பார்ட்டி என்பது விபத்துக்கு முன்பே தெரியுமா என்று கேட்டார்.

"எனக்கு ஒண்ணும் தெரியாதுங்க. நான் படிக்காதவ."

சகாயம்மாள் தலையைக் குனிந்துகொண்டாள். நீதிமன்றத்தில் பொய் சொல்வார்கள் என்று அவளுக்குத் தெரியும். ஆனால் அந்தக் குரல், வார்டில் நோயாளிகளிடம் "ஒண்ணும் ஆவாதும்மா" என்று சொல்லும் அதே மெல்லிய குரலாக இருக்கும் என்று நினைக்கவில்லை.

தீர்ப்பு வர இன்னும் ஐந்து மாதம் ஆனது. அதிவேகம் நிரூபிக்கப்படவில்லை, என்றாலும் வண்டியைக் கட்டுக்குள் வைத்திருக்க ஓட்டியவர் தவறிவிட்டார், கம்பெனிக்குப் பொறுப்பில்லை, கேட்டதில் ஒரு பகுதியைக் கார் சொந்தக்காரர் தர வேண்டும் என்றது நீதிமன்றம். சகாயம்மாள் ரிட்டயர்மென்ட்டுக்கு வைத்திருந்ததிலிருந்து எடுத்துக் கட்ட ஒத்துக்கொண்டாள். செல்வகுமார் மேல் இருந்த வழக்கு தனியாக நடந்துகொண்டிருந்தது. அன்று அவன் கடலூருக்கு வரவில்லை.

கோர்ட்டிலிருந்து வெளியே வந்து சகாயம்மாள் நெய்வேலி பஸ்ஸில் ஏறினாள். அநேகமாக எல்லா சீட்டும் நிறைந்திருந்தது. நடுவில் இரண்டு பேர் சீட்டில் ஜன்னலோரம் காந்திமதி உட்கார்ந்திருந்தாள், கைத்தடியை முட்டிகளுக்கு நடுவே பிடித்துக்கொண்டு. பக்கத்து இடம் காலி. இவளைப் பார்த்ததும் புடவைத் தலைப்பை இழுத்துக்கொண்டு இன்னும் ஒதுங்கி உட்கார்ந்தாள்.

"உக்காருக்கா."

சகாயம்மாள் மேல்கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

"கால் இன்னும் வலிக்குதுக்கா. ராத்திரில தூங்க முடியல."

சகாயம்மாள் அந்தக் காலைப் பார்த்தாள். பாதம் லேசாக வெளிப்பக்கம் திரும்பியிருந்தது. எலும்பு சரியாகச் சேரவில்லை என்பது பார்த்த மாத்திரத்திலேயே தெரிந்தது.

"எக்ஸ்ரே எடுத்துப் பாரு" என்றாள். "கம்பி நகந்திருக்கும். நாளைக்கே போ, தள்ளிப் போடாத."

"நீ கூட வர்றியாக்கா?"

பஸ் கிளம்பியது. அடுத்த நிறுத்தத்தில் கைக்குழந்தையோடு ஏறிய பெண்ணைச் சகாயம்மாள் கையைப் பிடித்து அழைத்து, அந்தக் காலி இடத்தில் உட்கார வைத்தாள். குறிஞ்சிப்பாடி வந்தது, வடலூர் வந்தது. நிறைய இடங்கள் காலியாயின. அவள் நெய்வேலி வரைக்கும் நின்றுகொண்டே வந்தாள்.